ஏத்தங்குலைக்கு ஆங்கிலத்தில் ஒரு விலை

சனிக்கிழமை, காலை 5.20. நாகர்கோவில் சந்திப்பில் இறங்கியதும் முதல் வேலையாக நிலையத்துக்கு வெளியே ஒரு சாயா குடித்தேன். பதினைந்து ரூபாய். கடைக்காரர் என் பையையும் நோட்டுப் புத்தகத்தையும் மாறி மாறிப் பார்த்தார்.

“கன்னியாகுமரியில சூரியன் பாக்கப் போறியளா? இப்பம் பஸ் உண்டு.”

“இல்லீங்க. நெய்யூருக்கு இங்கிலீஷ் படிக்கப் போறேன்.”

அவர் ஆற்றிக்கொண்டிருந்த சாயா அந்தரத்தில் நின்றது. “சூரியன் பாக்க வருவாவ, கடல் பாக்க வருவாவ. இங்கிலீஷ் படிக்க ரயில் ஏறி வந்த ஆளு நீங்கதான் முதல்” என்றார். எனக்கே சிரிப்பு வந்துவிட்டது. நாற்பத்து மூன்று வயதில் எனக்கு இது தேவையா என்று திண்டுக்கல் வரைக்கும் நானும் யோசித்துக்கொண்டுதான் வந்தேன்.

தேவைதான். கரூரில் சமையலறைத் துண்டுகள் ஏற்றுமதி செய்யும் ஒரு நிறுவனத்தில் பத்தொன்பது வருடமாக மெர்ச்சண்டைசர் வேலை பார்க்கிறேன். வெளிநாட்டுக்காரர்களிடம் ஆர்டர் பேசி, துணியாக்கி, பெட்டியில் ஏற்றி அனுப்பும் வரை என் பொறுப்பு. மின்னஞ்சலில் நான் புலி. வீடியோ கூட்டத்தில் உட்கார்ந்தால் பூனைகூட இல்லை. டென்மார்க்கிலிருந்து துணி வாங்கும் அம்மாள் பேசும் ஆங்கிலம் நான் பள்ளியில் படித்த ஆங்கிலமே அல்ல. ஒவ்வொரு வினைச்சொல்லுக்கும் பின்னால் அப், அவுட், ஆஃப், ஓவர் என்று ஒரு வால் ஆடுகிறது. வால் மாறினால் பொருளே மாறிவிடுகிறது. நான் அர்த்தம் தேடி முடிப்பதற்குள் பேச்சு நாலு ஊர் தாண்டிப் போயிருக்கும். தலையை மட்டும் ஆட்டுவேன்.

போன வாரம் முதலாளி கூப்பிட்டுச் சொல்லிவிட்டார். “ஏம்மா சுமதி, செவ்வாய்க்கிழமை கூட்டத்துல நீங்க வாயத் தொறக்கோணும். இல்லைன்னா அடுத்ததுல இருந்து நவீன் உக்காரட்டும்.” நவீன் எம்.பி.ஏ. படித்தவன், வேலைக்குச் சேர்ந்து ஏழு மாதம். துணியின் நெசவைத் தடவிப் பார்த்துச் சொல்லக் கற்றுக்கொடுத்தவளே நான்தான். அவன் பக்கத்து நாற்காலியில் இருந்து என் நாற்காலிக்கு வருவதா? எங்கள் தெருவில் குடியிருக்கும் ஒரு நர்ஸ் நெய்யூர்க்காரி. அவள்தான் இந்தச் சனிக்கிழமை வகுப்பைப் பற்றிச் சொன்னாள். அன்றைக்கே மூன்று நாள் விடுப்பு எழுதிக் கொடுத்தேன்.

காலை 7.45. ஒரு விடுதியில் குளித்து, ஒரு கடையில் புட்டும் கடலைக்கறியும் சாப்பிட்டு, அண்ணா பேருந்து நிலையத்தில் திங்கள்சந்தை வண்டியில் ஏறினேன். சுமார் பதினாறு கிலோமீட்டர். பெண்களுக்குக் கட்டணம் கிடையாது. சாளரத்துக்கு வெளியே எங்கே பார்த்தாலும் தண்ணீர்: குளம், வாய்க்கால், மறுபடியும் குளம். காவிரிக்கரைக்காரியான எனக்கே பொறாமையாக இருந்தது. முன்னிருக்கையில் இரண்டு பெண்கள் ராகம் போட்டுப் பேசிக்கொண்டு வந்தார்கள். பாதி புரிந்தது, பாதி இனித்தது.

காலை 9.30. நெய்யூரில் ஓர் ஆலயத்தை ஒட்டிய சிறிய கூடம். நீள மேசை, பதினான்கு பேர். டீச்சர் என்றால் வயதானவராக இருப்பார் என்று நினைத்திருந்தேன். ஜெபா டீச்சருக்கு என்னைவிடப் பத்து வயதாவது குறைவு. ஆறு வருடம் தோஹாவில் கப்பல் சரக்கு அலுவலகத்தில் வேலை பார்த்துவிட்டு ஊர் திரும்பியவர். “வாங்கக்கா, இரியுங்க. மணி அடிச்சாச்சுன்னா தமிழ் கிடையாது கேட்டியளா” என்றார். மேசைமேல் ஒரு வெண்கல மணி.

மணி அடித்தார்கள். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. இது வகுப்பே அல்ல, கமிட்டிக் கூட்டம்! முதலில் சின்ன ஜெபம். பிறகு போன வாரக் கூட்டக் குறிப்பு வாசிப்பு. ஒருவர் முன்மொழிய, இன்னொருவர் வழிமொழிய, குறிப்பு நிறைவேறியது. இந்த ஊர் ஆலயங்களில் தலைமுறை தலைமுறையாக இப்படித்தான் கூட்டம் நடத்துகிறார்களாம். தாத்தா காலத்திலிருந்து கைவந்த பழக்கத்தில் ஆங்கிலத்தை மட்டும் ஊற்றியிருக்கிறார் டீச்சர். யாருக்கும் பாடம் படிக்கிற பயமே இல்லை. கூட்டம் என்றால் பேசித்தானே ஆகவேண்டும்!

அன்றைய பொருள், விலை பேசுவது. நான் பக்கம் பக்கமாக எழுதித் தள்ளினேன். ‘ரன் இட் பை’ என்றால் ஒருவர் காதில் போட்டு அபிப்பிராயம் கேட்பது. ‘ஒர்க் அவுட்’ என்றால் பேசி ஒரு வழிக்குக் கொண்டுவருவது. ‘மீட் ஹாஃப்வே’ என்றால் ஆளுக்குப் பாதி விட்டுக்கொடுப்பது. ‘ஷார்ப்பன் யுவர் பென்சில்’ என்று ஒருவர் சொன்னபோது நான் உண்மையாகவே என் பென்சிலைப் பார்த்தேன். விலையைக் குறைத்துக் கணக்குப் போட்டுக்கொண்டு வா என்று அர்த்தமாம்! அடப்பாவிகளா, அந்த டென்மார்க் அம்மாள் இதை என்னிடம் எத்தனை தடவை கேட்டிருக்கிறாள்! நானும் ஒவ்வொரு தடவையும் சிரித்துக்கொண்டே தலையாட்டியிருக்கிறேன்.

எனக்கு எதிரே உட்கார்ந்திருந்தவர் சுயம்பு அண்ணன். ஐம்பது வயது, நெற்றியில் அய்யாவழிக்காரர்களின் வெள்ளை நாமம். இராஜாக்கமங்கலத்தில் தென்னந்தும்பு ஆலை வைத்திருக்கிறார். தேங்காய் மட்டையை அடித்து நாராக்கி வெளிநாட்டுக்கு அனுப்புகிறவர். இடைவேளையில் ரசவடையை என் பக்கம் தள்ளி, “பேடிக்காதீங்க. நானும் வந்த புதுசுல ஊமைதான். இப்பம் என்னைய நிறுத்தத்தான் ஆள் வேணும்” என்றார். பேடி என்றால் இங்கே பயம்.

பிற்பகல் 2.30. வகுப்பின் கடைசி அங்கம், விற்பனை. ஒருவர் விற்கவேண்டும், ஒருவர் வாங்கவேண்டும், எல்லாம் ஆங்கிலத்தில். என் முன்னால் ஒன்பது சீப்பு ஏத்தங்குலையை வைத்தார்கள். ஏத்தன் என்றால் நேந்திரம். நாங்கள் தார் என்போம், இங்கே குலை. தொள்ளாயிரத்தில் தொடங்கு, அறுநூறுக்குக் கீழே இறங்காதே என்று என் சீட்டில் எழுதியிருந்தது. வாங்க வந்தவர் சுயம்பு அண்ணன்.

தொள்ளாயிரம் என்றேன். “ஃபோர் ஹண்ட்ரட்! டேக் இட் ஆர் லீவ் இட்!” என்று மேசையைத் தட்டினார் அவர்.

எனக்கு நாக்கு ஒட்டிக்கொண்டது. காலையிலிருந்து எழுதிய அத்தனையும் காணாமல் போய்விட்டது. பதினான்கு முகங்கள். கரூர் கூட்ட அறையில் உட்கார்ந்திருப்பது போலவே இருந்தது. அழுதுவிடுவேனோ என்று பயமாக இருந்தது. கூடத்தில் ஒரு சத்தம் இல்லை.

சுயம்பு அண்ணன் நெளிந்தார். துண்டால் நெற்றியைத் துடைத்தார். “ஃபோர் ஃபிஃப்டி” என்றார். நான் பேசவில்லை. பேச வரவில்லை. “ஃபைவ் ஹண்ட்ரட்!” கொஞ்ச நேரம் கழித்து, “சிக்ஸ் ஹண்ட்ரட்!” அப்புறம் எழுந்தே நின்றுவிட்டார். “செவன் ஃபிஃப்டி!”

“ஏலே சுயம்பு, நிறுத்துல! ஒனக்கு எதிர்ல கேக்கதுக்கு ஒருத்தரும் இல்லல!” என்று பின்னாலிருந்து ஒருவர் தமிழிலேயே கத்தினார். கூடமே விழுந்து விழுந்து சிரித்தது.

டீச்சர் தலையில் கைவைத்துக்கொண்டார். பிறகுதான் எனக்கு விளங்கச் சொன்னார். இங்கே ஆலயங்களில் அறுப்பின் பண்டிகை நடக்கும். விளைந்ததையெல்லாம் கொண்டுவந்து படைப்பார்கள், ஆராதனை முடிந்ததும் அதை ஏலம் விடுவார்கள். எந்தச் சாமியைக் கும்பிடுகிறவராக இருந்தாலும் ஊரே வந்து கேட்கும். ஒரு தேங்காய் ஐந்நூறு ரூபாய்க்குப் போகும். எதிராளி இல்லாவிட்டாலும் தாங்கள் கேட்ட விலையைத் தாங்களே உயர்த்துவார்கள். ஏலத்தில் எடுத்த பொருளையும் திரும்ப வைத்து இன்னொரு தடவை ஏலம் விடச் சொல்வார்கள். ஏலக்காரர் பேசாமல் நின்றால் மூன்றாம் தரம் சொல்லப்போகிறார் என்று அர்த்தம். சின்ன வயதிலிருந்தே அந்த அமைதியைக் கேட்டால் இவர்களுக்குக் கை தானாக உயர்ந்துவிடும்.

“நாலு வருசமாச் சொல்லுகேன். காணிக்கை வேற, கண்டெய்னர் வேற. இவியளுக்கு ரெண்டும் ஒண்ணுதான்” என்றார் டீச்சர். பிறகு என்னைப் பார்த்தார். “அக்கா, நீங்க பேசாம இருந்ததுல எழுநூத்தம்பது. கொள்ளாம். ஆனா ஒண்ணு. சொல்லிட்டுப் பேசாம இருந்தா வியாபாரி. சொல்லாமப் பேசாம இருந்தா பேடிச்சவ. அம்புடுதான். ஒத்த வரி படிச்சுக்கிடுங்க.”

அந்த வரி, ‘திஸ் இஸ் வேர் வி டிரா தி லைன்.’ இதற்குக் கீழே இறங்கமாட்டோம் என்று கோடு கிழிப்பது. நாற்பது தடவை சொல்ல வைத்தார். சொல்லிவிட்டு ஒவ்வொரு தடவையும் வாயை மூடிக்கொண்டு மனசுக்குள் பத்து வரை எண்ணவேண்டும்.

சுயம்பு அண்ணன் எழுநூற்றைம்பதை வகுப்பின் சாயாச் செலவுப் பெட்டியில் போட்டார். குலையைத் தொடவில்லை. “ஊருக்குக் கொண்டு போங்கக்கா. நம்ம ஆலையில வச்சிருக்கேன், திங்கக்கிழமை வந்து எடுத்துக்கிடுங்க” என்றார்.

ஞாயிறு, காலை 10 மணி. பத்மநாபபுரம் அரண்மனை. செருப்பைக் கழற்றிவிட்டுக் கருப்பாக மினுங்கும் தரையில் நடந்தேன். ராஜா மந்திரிகளோடு கூட்டம் போட்ட மரக்கூடத்தில் எல்லோரும் செதுக்கு வேலைகளைப் பார்க்க, நான் ஒரு தூணிடம் ‘டிரா தி லைன்’ சொல்லிப் பத்து எண்ணிக்கொண்டிருந்தேன். காவலர் இரண்டு தடவை திரும்பிப் பார்த்தார். என்ன நினைத்தாரோ, போகட்டும்!

திங்கள், காலை 11.40. நாகர்கோவிலிலிருந்து பதினோரு கிலோமீட்டர், இராஜாக்கமங்கலம். ஆலையைப் பார்க்க வரச்சொல்லியிருந்தார் சுயம்பு அண்ணன். தென்னை, அதற்குமேல் கடல்காற்று, முற்றமெல்லாம் பொன்னிறத்தில் நார். பார்த்துக்கொண்டிருக்கும்போதே முதலாளியின் அழைப்பு வந்தது. “டென்மார்க்காரங்க கூட்டத்தை இன்னைக்கே வச்சுட்டாங்கம்மா. பன்னெண்டே முக்காலுக்கு. நீங்க ஊர்ல இருக்கீங்க, நவீன் பேசட்டும்.”

“வேண்டாமுங்க. நானே பேசறேனுங்க.” யார் சொன்னது இது என்று எனக்கே ஆச்சரியம்!

சுயம்பு அண்ணன் ஒரே ஓட்டமாக ஓடி இயந்திரத்தை நிறுத்தினார். வேலை செய்த பெண்கள் நார்க்குவியல்மேல் வரிசையாக உட்கார்ந்துவிட்டார்கள். நார்க்கட்டின்மேல் வாளியைக் கவிழ்த்து என் போனைச் சாய்த்து வைத்தோம். திரையில் டென்மார்க் அம்மாள். இன்னொரு கட்டத்தில் முதலாளியும் நவீனும்.

துண்டுச் செட்டுக்கு எங்கள் விலை இரண்டு யூரோ முப்பது சென்ட். அம்மாள் சிரித்துக்கொண்டே பென்சிலைக் கூர்மையாக்கச் சொன்னார். இரண்டு பத்து என்றார். அவர் சொன்னது முதல் தடவையாக ஒரு வார்த்தை விடாமல் புரிந்தது. நூல் விலையைச் சொன்னேன், நெசவுக் கூலியைச் சொன்னேன். பிறகு அந்த வரி. ‘திஸ் இஸ் வேர் வி டிரா தி லைன்.’ வாயை மூடினேன். ஒன்று, இரண்டு.

நாலில் நவீன் மைக்கின் பக்கம் குனிந்தான். கேமராவுக்கு நேராக ஒற்றை விரலைத் தூக்கினேன். நின்றுவிட்டான். ஆறில் பக்கவாட்டில் பார்த்தேன். அந்த அமைதி தாங்காமல் சுயம்பு அண்ணன் தோள் துண்டைச் சுருட்டித் தன் வாயில் அடைத்துக்கொண்டிருந்தார். விட்டிருந்தால் அந்தத் துண்டுகளை அவரே மூன்று யூரோவுக்கு ஏலம் எடுத்திருப்பார். ஒன்பதில் அம்மாள் பேசினார். தன் ஆட்கள் காதில் ஒருமுறை போட்டுவிட்டு வருவதாகச் சொன்னார். ‘ரன் இட் பை’!

பத்து நிமிடம். பத்து வருடம் மாதிரி இருந்தது. திரும்பி வந்தார். இரண்டு முப்பதுக்குச் சம்மதம், முதல் தவணைச் சரக்கை மட்டும் ஒரு வாரம் முன்னால் அனுப்பமுடியுமா? ‘வி வில் ஒர்க் சம்திங் அவுட்’ என்றேன். திரை அணைந்ததும் நார்க்குவியல்மேல் இருந்த பெண்கள் கைதட்டினார்கள். நான் அங்கேயே உட்கார்ந்து அழுதேன், சிரித்தேன், இரண்டையும் சேர்த்தே செய்தேன்.

முதலாளி மறுபடி அழைத்தார். “அது யாரும்மா கை தட்டினது? சரி, எப்படியோ. நாளையிலிருந்து நவீன் குறிப்பு எடுக்கட்டும். பேச்சு உங்களுது.”

மாலை 5.30. குலையோடு நாகர்கோவில் வண்டியில் ஏறினேன். “உங்களுக்கு டிக்கெட் வேண்டாம். குலைக்கு உண்டு” என்றார் நடத்துநர். பதினைந்து ரூபாய். பேரம் பேசாமல் கொடுத்தேன்.

செவ்வாய், கரூர். குலையை அலுவலக மேசைமேல் வைத்தேன். “என்ன விலைங்கக்கா?” என்றான் நவீன். எழுநூற்றைம்பது என்றேன். முந்நூறு என்றான். வரியைச் சொல்லிவிட்டு வாயை மூடினேன். ஆனால் அவன் கரூர்க்காரன் ஆயிற்றே, அவனும் வாயை மூடிக்கொண்டான். பத்து எண்ணினேன், இருபது எண்ணினேன். முதலாளி தேநீருக்குப் போய்த் திரும்பியும் வந்துவிட்டார். நாங்கள் அப்படியேதான் இருந்தோம். இராஜாக்கமங்கலமாக இருந்தால் இந்நேரம் ஆயிரத்தைத் தாண்டியிருக்கும்.

கடைசியில் நான்தான் பேசினேன். ‘லெட்ஸ் மீட் ஹாஃப்வே’ என்று சொல்லி நாலரைச் சீப்பை அறுத்து அவன் பக்கம் தள்ளினேன். அவன் பழத்தைத் தொடாமல் குரலைத் தாழ்த்தினான்.

“அக்கா, நேத்து அந்தம்மா பென்சிலப் பத்தி என்னமோ சொன்னாங்களே. அது என்னன்னு எனக்கும் தெரியலைங்க. இதுவரைக்கும் நானும் சும்மா தலையாட்டிட்டுத்தான் இருந்தேன்.”

ஒரு தாளை எடுத்து எழுதிக் கொடுத்தேன். நாகர்கோவில் சந்திப்பு, அண்ணா பேருந்து நிலையம், திங்கள்சந்தை வண்டி, சனிக்கிழமை ஒன்பதரை, ஜெபா டீச்சர். விற்கச் சொன்னால் சுயம்பு அண்ணனுக்கு எதிரே உட்கார் என்று கடைசியில் சேர்த்தேன்.