செல்லப்பேர் கூடாத வீடு

போதை மறுவாழ்வு இல்லத்தின் வார்டனுக்குத் தெருவில் போதைச் சரக்குக்குப் புழங்கும் பேர்கள் அத்தனையும் அத்துப்படி. ஒரு காலத்தில் அவரும் வாங்கியவர்தான். மாவு என்ற பேர், விற்கிறவர்கள் செய்த கலப்படத்தில் வந்தது. மருமகன் என்ற பேரை, சரக்கு வாங்க வரும் ஒரு பஸ் கண்டக்டர் வைத்தார்: வந்தால் வீட்டில் இருப்பதையெல்லாம் கொடுத்தனுப்ப வேண்டும், போனால் மறுபடி எப்போது வருவாரென்று வாசலையே பார்த்திருக்க வேண்டும். போலீஸ்காரர் வாயில் விழுந்த அன்றைக்கே அந்தப் பேர் தெருவில் செத்தது. இன்னொன்று பிறந்தது.

இல்லத்துக்குள் இவை எதற்கும் இடமில்லை. காலையில் வட்டமாக உட்கார்ந்து, தான் எடுத்ததை அதன் நிஜப் பேரால் ஒவ்வொருவரும் சொல்ல வேண்டும். செல்லப்பேர் வைத்துக் கொஞ்சிக்கொண்டிருக்கும்வரை அதை விட மனசு வராது என்பது வார்டனின் கட்சி. முதல் வாரத்துக்குள் சொல்லாதவர் கட்டிலைக் காலி செய்ய வேண்டியதுதான். வெளியே காத்திருப்பவர்கள் நிறைய.

இந்த முறை வாயைத் திறக்காமல் வாரத்தைக் கடத்தியவள் அவருடைய சொந்தத் தங்கச்சி.

"சொல்லும்மா. இன்னிக்குத்தான் கடைசி."

"மருமகன்."

இரண்டு பேர் சிரித்தார்கள். வார்டனுக்குச் சிரிப்பும் வரவில்லை, கோபமும் வரவில்லை. இதே சண்டையை எத்தனை பேரோடு போட்டாயிற்று. முதுகு வலித்தது.

"விளையாடாத. என் வாயாலயே உன்னைப் பையைக் கட்டச் சொல்ல வைக்காத."

"நான் எங்க இருக்கேன்னு அம்மாகிட்ட என்னண்ணா சொல்லியிருக்க?"

அவர் தொண்டையைச் செருமினார். "மஞ்சள் காமாலை... ஆஸ்பத்திரியிலன்னு."

"நல்ல பேரு. எங்க தெருவுல ஒருத்தனுக்கும் இது தோணல."

இப்போது எல்லோரும் சிரித்தார்கள். வார்டன் சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்தார். பிறகு போனை எடுத்து, எல்லோருக்கும் கேட்கும்படி ஸ்பீக்கரில் போட்டார்.

"அம்மா, அவளுக்குக் காமாலை இல்ல. நான்தான் பொய் சொன்னேன். ஊசி போட்டுக்கிறா. என் இல்லத்துலதான் இருக்கா."

அந்தப் பக்கம் குழாயில் தண்ணீர் விழும் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு அதுவும் நின்றது.

"என்ன ஊசிடா?"

அதைச் சொல்ல வேண்டியவர் வார்டன் அல்ல. போனை வட்டத்தின் நடுவே தரையில் வைத்தார். தங்கச்சி அதன் பக்கம் குனிந்தாள்.

"ஹெராயின்மா."

யாரும் கைதட்டவில்லை. அம்மா அழ ஆரம்பித்ததும் தங்கச்சி போனை எடுத்துக் காதோடு அணைத்துக்கொண்டு வராந்தாவுக்குப் போனாள். வார்டன் கண்களைத் தேய்த்துக்கொண்டு அடுத்தவர் பக்கம் திரும்பினார்.

"ம்... நீங்க?"