அப்பா நார்வே ரோட்டில் மிளகாய் காயவைத்த கதை

மார்ச் மாதத்தில் எங்கள் ஊர்ப் பேருந்து நிறுத்தத்தில் நிற்பவர்களைப் பார்த்தால் உங்களுக்குச் சிரிப்பு வரும். எல்லோரும் பேருந்து வரும் பக்கத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, கண்ணை மூடி, முகத்தை மேலே தூக்கி நிற்பார்கள். யாரும் யாரோடும் பேசமாட்டார்கள். முதல் வருடம் நான் பயந்தேபோனேன், மொத்தக் கூட்டத்துக்கும் ஒரே நேரத்தில் சாமி வந்துவிட்டதோ என்று. பிறகுதான் தெரிந்தது, வெயில் வாங்குகிறார்கள். நான் கள்ளக்குறிச்சிப் பேருந்து நிலையத்தில் பஸ்ஸுக்கு நின்றே வளர்ந்தவள். அங்கே ஒரு மின்கம்பத்தின் நிழலுக்குள் நாலு பேர் ஒருவர் பின் ஒருவராக நிற்போம். நிழல் நகர்ந்தால் வரிசையும் நகரும். அந்தப் பழக்கத்தில் இங்கேயும் ஒரு சுவரோரம் நிழல் தேடி நின்றேன். ஒரு பெரியவர் கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தார், ஐயோ பாவம் என்று நினைத்திருப்பார் போல, தானே தள்ளி நின்று தன் வெயிலில் எனக்குக் கொஞ்சம் இடம் விட்டார். மறுக்க முடியாமல் போய் நின்றேன். இந்த ஊர் மொழியில் டக், டக் என்று நன்றி வேறு சொன்னேன்.

இது நார்வேயின் மேற்குக் கரை. ஒரு பக்கம் கடல் உள்ளே புகுந்த நீர், மறுபக்கம் மலை. மலை தெற்கே நிற்பதுதான் வம்பு. குளிர்காலத்தில் இங்கே சூரியன் வானத்தில் ஏறுவதே இல்லை, தெற்கே ஓரமாகத் தவழ்ந்துவிட்டுப் போய்விடும். அதையும் மலை மறைத்துக்கொள்ளும். அக்டோபர் கடைசியில் ஊரைவிட்டுப் போகும் வெயில் பிப்ரவரியில்தான் திரும்பி வரும். நடுவில் எதிர்க்கரை மலையின் உச்சியில் மட்டும் மஞ்சளாக ஒரு கோடு தெரியும். ஜனவரி பிறந்ததும் அந்தக் கோடு தினமும் கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே இறங்கும். எங்கள் தெருவைத் தொடும் நாளில் ஊரே திருவிழா எடுக்கும். நான் இங்கே பள்ளிக்கூடத்தில் இயற்பியல் நடத்துகிறேன், எனக்கு இதற்கெல்லாம் காரணம் தெரியும். காரணம் தெரிந்தால் மட்டும் இருட்டு குறைந்துவிடுமா என்ன?

அம்மா போன வருடம் போய்ச் சேர்ந்துவிட்டாள். நான் ஒரே பெண். அப்பா மட்டும் தியாகதுருகத்துக்குப் பக்கத்தில் எங்கள் வீட்டில் தனியாகப் பொங்கித் தின்றுகொண்டிருந்தார். கெஞ்சிக் கூத்தாடி நவம்பரில் அழைத்துவந்தேன். என் ஆசை, அவர் இங்கேயே என்னோடு தங்கிவிட வேண்டும். அதற்கு விசா முடியும் முன்பே விண்ணப்பிக்க வேண்டும், அவர் சரி என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். விமானத்திலிருந்து இறங்கியதும் அப்பா சொன்ன முதல் வார்த்தையோ வேறு.

"இன்னாம்மா இது? மேல வெயிலு அப்படி கொளுத்துது, மேகமெல்லாம் உளுத்தமாவு கொட்டினாப்பல வெள்ளையா கெடக்குது. கீழ எறங்குனா இருட்டு. அவ்ளோ வெயில மேல வச்சிக்கினு இங்க லைட்டு போட்டுக்கினு உக்காந்துகினு இருக்கீங்களே!"

"அதே மேகம்தான்ப்பா. மேல விழுற வெளிச்சத்த திருப்பி அனுப்பிடும். அதான் மேலருந்து பாத்தா வெள்ளை, கீழருந்து பாத்தா கறுப்பு."

"இன்னா மேகமோ. நடுவுல உக்காந்துகினு எல்லாத்தயும் அதுவே அமுக்கிக்குது."

நான் தங்குவதைப் பற்றிக் கேட்கும்போதெல்லாம் ஒரே பதில்தான். "வெயிலு வரட்டும். பாத்துட்டு சொல்றேன்." தினமும் காலையில் திரையை விலக்குவார். "இன்னும் வரல" என்பார். டவுன் பஸ்ஸைச் சொல்வது போலவே சொல்வார்.

சும்மா இருக்க முடியாதவர். ஜனவரி கடைசியில் தாய்லாந்துக்காரர் கடையில் பச்சைமிளகாய் கண்ணில் பட்டுவிட்டது. கீறி, உப்பும் தயிரும் போட்டு ஊறவைத்துவிட்டார், அம்மா வைப்பது போலவே. மோர்மிளகாய்க்கு என்ன வேண்டும்? பகலெல்லாம் வெயில், ராத்திரி திரும்பவும் மோரில். மோர் எங்கள் வீட்டுக் குளிர்பெட்டியில் இருந்தது, வெயில்தான் எதிர்மலை உச்சியில் இருந்தது. நான் மிளகாயை எடுத்து ஹீட்டர் மேல் பரப்பினேன். அப்பா வாரி எடுத்துத் திரும்பவும் மோரில் போட்டார்.

"மிசின்ல காஞ்சதெல்லாம் காஞ்சதா? வெயில்ல காய்ஞ்சாத்தான் அது மொளகா."

ஒருநாள் வானம் துடைத்து வைத்தது போல நீலமாக விடிந்தது. அப்பாவுக்கு ஏக சந்தோஷம். நான் குளித்துவிட்டு வருவதற்குள் வேட்டி, அரைக்கைச் சட்டையோடு வாசலில் இறங்கிவிட்டார். வானம் வெளுத்தால் சூடு என்பதுதானே நம் ஊர்க் கணக்கு! இங்கே அது தலைகீழ். மேகம் இருந்தால் தரையின் சூட்டைப் போர்வை மாதிரி பிடித்து வைத்துக்கொள்ளும். மேகம் இல்லாவிட்டால் இருக்கிற சூடும் ராத்திரியோடு ராத்திரியாக மேலே போய்விடும், காலையில் மூக்கு கழன்றுவிடும். எதிர்வீட்டு பெரிட் அம்மாள் ஓடிவந்து தன் கம்பளிச் சால்வையை அவர்மேல் போர்த்தி, ஏதோ கத்தினாள். அப்பா பல் கிட்டிக்கப் பெருமையோடு என்னிடம் சொன்னார், "பாரு, மொதமொறையா ஊருக்கு வந்தவனுக்கு பொன்னாடை போத்துறாங்க." அவள் கத்தியது, இந்த மனிதருக்குக் கிறுக்கா என்று. நான் மொழிபெயர்க்கவில்லை.

சூடான காபியைக் குடித்தபடி அன்று அப்பா பழைய கதையை எடுத்தார். இடஒதுக்கீடு கேட்டு எங்கள் பக்கமெல்லாம் சாலை மறியல் நடந்த வாரம். நான் அப்போது ஆரம்பப்பள்ளி. எங்கள் வீடு ரோட்டை ஒட்டியது. அப்பாவும் ஊர் ஆட்களும் ஒரு புளியமரத்தை வெட்டி ரோட்டின் குறுக்கே சாய்த்துவிட்டு உட்கார்ந்துவிட்டார்கள். அந்த வாரம் வேறு ஊர்களில் உயிர்கள் போயின, அதைச் சிரித்துக்கொண்டு சொல்ல எனக்கு மனம் வராது. எங்கள் ஊரில் யாருக்கும் அடிபடவில்லை. எங்கள் கவலை வேறாக இருந்தது. அதற்குச் சற்று முன்புதான் மல்லாட்டை பிடுங்கியிருந்தோம். ஊரில் வேர்க்கடலைக்கு அதுதான் பேர். ஈரத்தோடு வீட்டுக்குள் குவிந்து கிடந்தது, இன்னும் ரெண்டு நாள் விட்டால் பூசணம் பிடித்துவிடும். களத்தில் இடம் இல்லை.

அம்மாதான் கேட்டாள். "ரோடு சும்மாதான கெடக்குது?"

கேட்டுவிட்டுக் கூடையைத் தலையில் தூக்கிவிட்டாள். மற்ற நாளில் ரோட்டோரம் ஒரு முழம் அகலத்துக்குக் கொட்டிவிட்டு, பஸ் வரும்போதெல்லாம் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு நிற்போம். அன்றைக்கு முழு ரோடும் எங்களுடையது! பொழுது உச்சிக்கு வருவதற்குள் புளியமரத்திலிருந்து மதகு வரைக்கும் ஊர் மல்லாட்டை மொத்தமும் பரந்து கிடந்தது. அப்பா ஒரு கோஷம் போடுவார், அப்படியே காலால் மல்லாட்டையைத் துழாவிக்கொண்டே நாலு அடி நடப்பார், திரும்பி இன்னொரு கோஷம் போடுவார். மரத்துக்கு அந்தப் பக்கம் மாட்டிக்கொண்ட சேலத்து லாரி டிரைவர் தாஸ் என்பவர் இதைப் பார்த்து வயிறெரிந்துபோனார்.

"யோவ், மறியல் பண்றியா, மல்லாட்டை காயவைக்கிறியா? ஏதாவது ஒண்ணு பண்ணுய்யா!"

"ரெண்டும் நமக்கு வேணுங்களே" என்றார் அப்பா, மரியாதையாகத்தான்.

மறுநாள் மத்தியானம் மேற்கே கல்வராயன் மலைமேல் மேகம் கருகருவென்று ஏறியது. மலையில் கட்டினால் எங்களுக்கு வந்துசேர அதிக நேரம் ஆகாது. வெயில் அடித்துக்கொண்டே இருந்தது, ஆனால் மேகத்தின் ஓரத்திலிருந்து வந்ததால் இன்னும் சுரீரென்று அடித்தது. ஊரே மல்லாட்டையை வார ஆரம்பித்தது. முடியுமா? அத்தனை தூரத்துக்குக் கிடக்கிறதே. அம்மா அழுதே விட்டாள். அப்போது தாஸ் தன் லாரியில் ஏறிக் கயிற்றை அவிழ்த்தார். அவ்வளவு பெரிய தார்ப்பாயை இழுத்துக்கொண்டுவந்து, குவித்ததன்மேல் போட்டு மூடி, நாலு மூலைக்கும் கல் வைத்தார். மழை கொட்டோ கொட்டென்று கொட்டியது. எல்லோரும் அந்தப் புளியமரத்துக் கிளைக்குள் ஒண்டியிருந்தபோது அவர் கேட்டாராம், "உன் மல்லாட்டைய நான் மூடிட்டேன். என் ரோட்ட நீ எப்ப தொறப்ப?" மறியல் முடியும்வரை அவருக்கு எங்கள் வீட்டில்தான் சாப்பாடு. பிறகு ஒதுக்கீடு வந்தது, எனக்குக் கல்லூரியில் இடம் கிடைத்தது. அங்கே தொடங்கி நான் இங்கே வந்து நிற்கிறேன்.

வெயில் திருவிழாவுக்கு வருகிறேன். அன்று காலையிலேயே கடைத்தெருவின் இரண்டு முனையிலும் தடுப்பு வைத்துவிட்டார்கள். அப்பா ஜன்னல் வழியாகப் பார்த்தார்.

"இன்னா, மறியலா?"

"இல்லப்பா, சூரியன் வர்ற விழா."

"வண்டி வராதா?"

"சாயந்திரம் வரைக்கும் வராது."

அப்பா திரையை இழுத்துவிட்டு நேரே குளிர்பெட்டிப் பக்கம் போனார். அங்கேயே நான் உஷாராகியிருக்க வேண்டும். நான் என் மாணவர்களோடு போய்விட்டேன். பிள்ளைகள் கன்னத்தில் மஞ்சள் சூரியன் வரைந்திருந்தார்கள், கையில் ஆளுக்கொரு பன். நடுவில் மஞ்சள் கூழ் வைத்தது, சூரியனுக்காகவே அன்று சுடுவது. மத்தியானம் மலையின் ஒரு பிளவு வழியாக வெயில் தெருவில் இறங்க வேண்டும். வானமோ மப்பும் மந்தாரமும். வாத்தியக்காரர்கள் வாசிக்க, பிள்ளைகள் பாடிக் கூப்பிட்டார்கள். மேகம் அசையவில்லை. வெயில் வராவிட்டால் அப்பா கிளம்பிவிடுவார் என்ற பயம் எனக்கு. பாடத்தில் மேகம் என்றால் நீர்த்துளி என்று சொல்லிக்கொடுக்கிறவள், அன்று மேகத்தைப் பார்த்து மனதுக்குள் கெஞ்சிக்கொண்டு நின்றேன்.

திடீரென்று கூட்டம் நடுவில் விலகியது. பார்த்தால், தெருவின் நட்டநடுவே அப்பா! தடித்த கோட்டுக்குக் கீழே வேட்டி. ரோட்டில் இன்னொரு வெள்ளை வேட்டியை விரித்து, மோர்மிளகாயை ஒவ்வொன்றாகப் பரப்பிக்கொண்டிருந்தார். ரோடு மூடியிருக்கிறது, வெயில் வரப்போகிறது, வேறென்ன செய்வார் எங்கள் ஊர்க்காரர்? எனக்கு மானம் போனது. பெரிட் என் காதருகே வந்து, "உங்கள் நாட்டில் சூரியனுக்குப் படைப்பது இப்படித்தானா?" என்று மெதுவாகக் கேட்டாள். நான் வாயைத் திறப்பதற்குள் ஒரு சின்னப் பெண் போய் வேட்டியின் ஓரத்தில் தன் பன்னை வைத்துவிட்டாள். அவளைப் பார்த்து இன்னொருத்தி. வேட்டியைச் சுற்றிலும் பன்கள்.

அப்பா நிமிர்ந்து என்னைத் தேடினார். "ஏம்மா, இந்த பசங்க இன்னாத்துக்கு பன்ன வைக்குதுங்க? பன்னு எதுக்கு காயணும்?"

நான் சிரித்த சிரிப்பில் கண்ணில் நீர் வந்துவிட்டது. அந்த நேரத்தில்தான் மேகத்தின் ஓரம் கிழிந்தது. தாழ்வாக, சாய்வாக, அத்தனை காற்றையும் கடந்து வந்த மஞ்சள் வெயில். வழியிலேயே நீலமெல்லாம் சிதறிப்போய், மிச்சம் வந்து சேர்ந்தது அவ்வளவுதான். தெருவில் எல்லோருக்கும் திரும்ப நிழல் முளைத்தது. பிள்ளைகள் கூவினார்கள். அப்பா தன் நீண்ட நிழலையே பார்த்தார், உள்ளங்கையை வெயிலில் நீட்டிப் பார்த்தார்.

"சூடு கம்மிதான். ஆனா வெயிலுதான்ம்மா" என்றார். சொல்லிவிட்டு மிளகாயைத் துழாவிவிட ஆரம்பித்தார்.

கொஞ்ச நேரம்தான். சூரியன் பிளவைத் தாண்டிப் போய்விட்டது, கூட்டமும் கலைந்தது. அப்பா ஒரு மிளகாயை எடுத்து விரலால் அழுத்தினார். நான் பக்கத்தில் குந்தினேன்.

"அதான் வெயிலு வந்திருச்சே. தங்கிடுறீங்களாப்பா?"

"தோலு சுருங்கிருச்சு. உள்ள ஈரம் இருக்குது" என்றார். "மீதிய ஊர்ல போய் காயவச்சிக்கிறேன்ம்மா."

நடுத்தெருவில், பன்களுக்கு மத்தியில், நான் ஓவென்று அழுதேன். பெரிட் தூர நின்று, எங்கள் சடங்கில் அழுவதும் உண்டு போல என்று மரியாதையாகத் தலை குனிந்தாள். அப்பா என் தலையில் கை வைத்தார். மோர் வாசனை அடித்தது.

"அழுவாத. நீ போவணும்னுதான் அன்னிக்கி ரோட்ட மறிச்சேன். இன்னிக்கி நான் போவும்போது நீ மறிக்காத."

மிளகாயை இரண்டு பங்காக்கினார். ஒன்றைத் தன் பெட்டியில் வைத்துக்கொண்டார், ஒன்று எனக்கு. ஊருக்குப் போனதும் போன் செய்தார், அவர் பங்கு முதல் நாளே சலசலவென்று காய்ந்துவிட்டதாம். என் பங்கு இந்த மார்ச்சில்தான் பால்கனியில் கிடக்கிறது. மேகம் வந்தால் உள்ளே, விலகினால் வெளியே என்று அதோடு நானும் அலைகிறேன். நேற்று மறுபடி பேசினார்.

"காஞ்சிச்சா?"

"இன்னும் இல்லப்பா. அங்க எப்படி?"

"மலை மேல மேகம் கட்டிக்கினு இருக்குது. வெயிலே இல்ல, ஜோரா இருக்குதும்மா. அங்க?"

"மேகமே இல்லப்பா. நல்ல வெயிலு, ஜோரா இருக்கு" என்றேன்.

போனை வைத்த பிறகுதான் உறைத்தது. வெயிலை ஜோர் என்று சொன்னது நானா? எழுந்து பால்கனிக்குப் போனேன். கண்ணை மூடி முகத்தை வெயிலுக்குக் காட்டினேன், கை தன்பாட்டுக்கு மிளகாயைத் துழாவிக்கொண்டிருந்தது.