நாக்கில் வைத்த தாளிச்சா

மலைமேல் ஒண்டிக்கடை என்ற முக்கில், பஸ் திரும்பும் இடத்துக்கு எதிரே நூர் முகமதுவின் சாப்பாட்டுக் கடை இருந்தது. நாலு பெஞ்சு, ஒரு கல்லாப்பெட்டி, புகையேறிய தகரக் கூரை. வெள்ளிக்கிழமை மதியம் எஸ்டேட் ஆட்கள் தாளிச்சாவுக்கென்றே வருவார்கள். ஆட்டெலும்பு, கத்தரிக்காய், மாங்காய் போட்டுக் காய்ச்சும் பருப்புக் குழம்பு அது. அதற்கு மசாலா அரைத்தது, கடைக்குப் பின்னால் இருந்த வீட்டில், அவர் மனைவி மைமூன். கல்யாணமாகி மலையேறி வந்த நாள் முதல் அவள் கைமசாலாவை ஊரே தின்றது. அவள் மட்டும் அந்தப் பெஞ்சில் உட்கார்ந்து ஒரு வாய் சாப்பிட்டதில்லை. யாரும் வேண்டாமென்று சொல்லவில்லை. கடை ஆண்கள் இருக்கிற இடம், அவ்வளவுதான்.

நோன்பு மாதத்தில் பள்ளிவாசலுக்குக் கஞ்சி காய்ச்சுவதும் அந்த வீட்டு அடுப்பில்தான். நோன்பு வைத்துக்கொண்டே சமைக்கிறவர்கள் உப்புப் பார்க்க ஒரு முறை உண்டு. நாக்கு நுனியில் ஒரு சொட்டு வைக்க வேண்டும். ருசி பிடிபட்டதும் துப்பிவிட வேண்டும். தொண்டைக்குக் கீழே போகாதவரை நோன்பு முறியாது. மைமூன் இதில் பிசகியதே இல்லை.

எண்பத்து மூன்றாம் வருஷம் மாசி மாதம் நூர் முகமதுவுக்கு வயிற்றுப்புண் வெடித்தது. சேலம் பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோய், வயிற்றைக் கிழித்துத் தைத்தார்கள். அவர் பிழைத்துக்கொண்டார் என்பதை இங்கேயே சொல்லிவிடலாம். கதை அதைப் பற்றியது அல்ல.

"வாயில ஒண்ணும் போகக் கூடாது, தண்ணி கூட" என்று டாக்டர் மைமூனிடம் சொன்னார். "நாங்க சொல்ற வரைக்கும். மீறிக் குடுத்தீங்கன்னா நாங்க பொறுப்பில்ல. வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிடலாம்."

அடுத்த கட்டிலில் இருந்தவர் செம்மநத்தத்து முனியப்பன். மிளகு பறிக்க சில்வர் ஓக் மரத்தில் ஏறி விழுந்து தொடை எலும்பை முறித்துக்கொண்டவர். காலில் எடை கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள். அவர் மனைவி கண்ணம்மாள் வார்டுக்குப் பின்னால் புங்கமரத்தடியில் மூன்று கல் கூட்டிச் சாமைச்சோறு பொங்கித் தானும் தின்று அவருக்கும் ஊட்டினாள். இரண்டு பெண்களும் ஒரே மலைக்காரிகள் என்பதால் முதல் நாளே பேச்சு ஒட்டிக்கொண்டது.

"ஏனுங்க மைமூனம்மா, நீங்க எப்பத்தான் சோறு திங்கறீங்க? நான் பாக்கவே இல்லீங்களே."

"அவரு பட்டினியா கெடக்கறப்ப எனக்கு எறங்கலீங்க."

"அதுக்கு? நீங்களும் படுத்துட்டா யாரு தூக்கறது, நானாங்க? எனக்கு இந்த மனுசன் ஒருத்தரே பாரம்."

"பாரமாம்ல" என்றார் முனியப்பன். "காலைத்தான் கயித்துல தொங்கவுட்டிருக்காங்க. பாதி பாரத்தை அது தூக்குது, மீதிக்குக் கணக்குச் சொல்றா."

நூர் முகமது சிரிக்கப் போய், தையல் இழுத்து, முகம் சுளித்தார். மலையேறுவதற்கு முன்னால் அவர் சேலம் கோட்டையில் ஒரு ஓட்டலில் பாத்திரம் தேய்த்து, பிறகு அடுப்படியில் நின்று தொழில் கற்றவர். அன்று சாயங்காலம் மைமூனைப் பக்கத்தில் கூப்பிட்டார்.

"மைமூனு, நீ போயி சாப்பிட்டுட்டு வா. சும்மா இல்ல, நான் சொல்ற வழியில நடந்து போகோணும், சொல்ற எடத்துல சொல்றதைத் திங்கோணும். வந்து எனக்கு ஒண்ணுவிடாம சொல்லோணும். வாய்தானே கூடாது, காதால சாப்பிட்டுக்கறேன்."

"நல்லா இருக்குது. உங்கள இப்பிடிப் போட்டுட்டு நான் கடை கடையா ஏறி எறங்கறதா?"

"மொதல்ல சின்னக்கடை வீதி முக்குல தட்டுவடை செட்டு. அப்பறம் ஆத்துப் பாலம் தாண்டி சூப்பு. மாத்திச் சாப்பிட்டா நாக்கு செத்துப்போயிரும். கடைசியா கோட்டையில எங்க மொதலாளி கடை. அங்க தாளிச்சா."

"போயிட்டு வாங்க, நான் பாத்துக்கறேன்" என்றாள் கண்ணம்மாள். "மனுசன் இவ்வளவு ஆசையாச் சொல்றாரு."

மைமூன் துப்பட்டியை இழுத்துப் போர்த்திக்கொண்டு இறங்கினாள். முதல் கடையில் தயங்கி நின்றவளிடம் தள்ளுவண்டிக்காரர் கேட்காமலே ஒரு செட்டை நீட்டினார். உள்ளங்கை அகலத் தட்டுவடை இரண்டு, நடுவே காரட்டும் பீட்ரூட்டும் துருவலாக, மேலும் கீழும் இரண்டு நிறத்தில் சட்னி. வாயில் வைத்ததும் நொறுங்கி, காரம் காதுவரை ஏறியது. தெருவில் நின்றுகொண்டே சாப்பிடுவது அவளுக்கு அதுதான் முதல் தடவை. இன்னொன்று கேட்டு வாங்கினாள். பாலத்துக்கு அந்தப் பக்கம் ஆட்டுக்கால் சூப்பை ஊதி ஊதிக் குடித்தாள். மிளகின் வாசத்தை வைத்தே, இது மலைமிளகு இல்லை, வேறெங்கோ விளைந்தது என்று கண்டுபிடித்து, தனக்குள் சிரித்துக்கொண்டாள். கோட்டையில் மொதலாளி கடையின் உள்ளறையில் பெண்களுக்கென்று தட்டி வைத்து மறைத்த ஒரு மேசை இருந்தது. அங்கே உட்கார்ந்து, சோற்றில் தாளிச்சாவை ஊற்றிப் பிசைந்து ஒரு வாய் வைத்தாள். புருஷன் இருபத்தைந்து வருஷமாக எதைச் செய்து பார்த்துக்கொண்டிருந்தார் என்பது அப்போது புரிந்தது. அவர் கையில் அது முக்கால்வாசிதான் வந்திருந்தது.

திரும்பி நடக்கையில் வயிறு நிறைந்து, உடம்பு லேசாக இருந்தது. வளையல் கடை ஒன்றின் முன் நின்று வேடிக்கைகூடப் பார்த்தாள். ஆஸ்பத்திரி கேட் தெரிந்த பிறகுதான் எதற்குச் சேலம் வந்தோம் என்ற நினைப்பே வந்தது. இவ்வளவு நேரம் அது வரவில்லை என்பது நெஞ்சில் முள்ளாகக் குத்தியது.

நூர் முகமது கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். தட்டுவடையின் மொறுமொறுப்பை இரண்டு தடவை சொல்லச் சொன்னார். சூப்பில் இஞ்சி தூக்கலா என்று விசாரித்தார்.

"தாளிச்சா?"

"மொதலாளி மௌத்தாயிட்டாராம். மவன்தான் கடை பாக்கறாரு. உங்க கை மாதிரி வராதுங்க."

"பொய் சொல்றே. மூக்கு சுருங்குது பாரு."

அவள் துப்பட்டியை இழுத்து மூக்கை மறைத்துக்கொண்டாள்.

"நாளைக்குக் கொஞ்சூண்டு கொண்டா. நாக்குல வெச்சுப் பாத்துட்டுத் துப்பிடறேன். நோன்புல பாக்கற மாதிரித்தானே? அது தின்ன கணக்குல சேராதுல்ல?"

சேராதுதான். அவளே எத்தனை வருஷம் அப்படிப் பார்த்திருக்கிறாள். டாக்டர் சொன்னதும் அல்லாஹ் சொன்னதும் ஒரே கணக்கு என்று அவள் மனம் முடிவு கட்டிவிட்டது. தான் மட்டும் தின்றுவிட்ட குறையும் அந்த முடிவைப் பின்னாலிருந்து தள்ளியது.

மறுநாள் கண்ணம்மாள் அடுப்பு மூட்டப் போய், முனியப்பனும் கண்ணயர்ந்திருந்த நேரம், துப்பட்டிக்குள்ளிருந்து சின்ன எவர்சில்வர் டப்பாவை எடுத்தாள். ஒரு கையில் கிண்ணத்தைத் தாடைக்குக் கீழே பிடித்துக்கொண்டு, மறு கையால் கரண்டி நுனியில் தொட்டு நாக்கில் வைத்தாள். அவர் சப்புக்கொட்டி, ஒழுங்காகத் துப்பினார்.

"புளி இல்ல, மாங்காதான். ஆனா வேற என்னமோ இருக்கு. இன்னொரு தடவை."

இந்த முறை கரண்டியில் நார் நாராக வெந்த கறித்துண்டும் வந்தது. அவர் கண்ணை மூடினார். தொண்டைக்குழி ஏறி இறங்கியது.

"துப்புங்க."

அவர் வாயைத் திறந்து காட்டினார். காலியாக இருந்தது.

"எறங்கிருச்சு மைமூனு. நானா எறக்கல."

விடிந்தபோது வயிறு உப்பி மத்தளமாக இருந்தது. குமட்டிக் குமட்டி வாந்தி எடுத்தார். டாக்டர் வந்து மூக்கு வழியாகக் குழாய் விட்டு, தையலைத் தொட்டுப் பார்த்து, "வாய்வழியா ஏதோ போயிருக்கு" என்று சொல்லிவிட்டுப் போனார். வார்டு சிஸ்டர் விரிப்பில் மஞ்சள் கறையைப் பார்த்தார்.

"யாரு குடுத்தது?"

மைமூன் வாயைத் திறந்தாள். வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிடலாம் என்ற குரல் காதில் கேட்டது. இந்த வயிற்றோடு எந்த பஸ்ஸில் ஏற்றுவது, எந்த வளைவில் இவர் போய்விடுவார் என்று ஓடிய நினைப்பில் வாய் மூடிக்கொண்டது.

சிஸ்டரின் கண் பக்கத்துக் கட்டிலுக்கடியில் இருந்த குழம்புச் சட்டியில் நின்றது. "முந்தாநாள் சாயங்காலம் நீ இந்தாளு வாய்கிட்ட கை வெச்சிட்டிருந்ததை நான் பார்த்தேனே."

"துணிய நனைச்சு ஒதட்டுல வெச்சனுங்க" என்றாள் கண்ணம்மாள். "காயுதுன்னாரு."

"துணி இப்பிடிக் கறை புடிக்குமா? கூட இருக்கற பாஸைக் குடுத்துட்டு வெளிய போ."

கண்ணம்மாள் இடுப்பிலிருந்து பாஸை எடுத்துக் கொடுத்துவிட்டு, மைமூனை ஒரு தரம் பார்த்தாள். சந்தேகப்பட்ட பார்வை அல்ல, நீங்களாவது சொல்லுங்கள் என்ற பார்வை. மைமூன் குனிந்து விரிப்பை மாற்றினாள்.

மதியம் வரை அவள் கட்டிலருகிலிருந்து எழவில்லை. மூக்கில் குழாயோடு நூர் முகமது அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் முனியப்பன் வார்டு ஆளை இரண்டு தரம் கூப்பிட்டார். ஆள் வரவில்லை. மூத்திரத்தை அடக்கிக்கொண்டு கட்டில் கம்பியைப் பிடித்தபடி கிடந்தார். கடைசியில் கூச்சத்தோடு சொன்னார்:

"ஏனுங்கம்மா, என்ற ஊட்டுக்காரி வெளிய ஆஸ்பத்திரி கேட்டுக்கிட்ட இருக்காளா பாருங்க. அவளுக்கு டவுன்ல வழி தெரியாதுங்க."

கண்ணம்மாள் கேட்டுக்கு வெளியே, சுவர் நிழல் விலகிப்போன இடத்தில், வெயிலிலேயே உட்கார்ந்திருந்தாள். மலைக்காற்றில் வளர்ந்த உடம்பு, முகம் கன்றிப்போயிருந்தது. மைமூனைக் கண்டதும் எழுந்தாள்.

"எப்பிடி இருக்காருங்க? நான் காலையில இருந்து அதையேதாங்க நெனச்சுட்டிருக்கேன். துணிய நான் நல்லாப் புழியலையோ என்னமோ. தண்ணி உள்ள போயிருக்குமுங்க. நீங்க என்னய நம்பி உட்டுட்டுப் போனீங்க. அவருக்கு ஒண்ணு ஆச்சுன்னா நான் எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு ஒண்டிக்கடைப் பக்கம் வருவேன்?"

யாராவது திட்டியிருந்தால் மைமூன் தாங்கியிருப்பாள். தன் தப்பை இன்னொருத்தி எடுத்து மடியில் கட்டிக்கொண்டு அழுததைத் தாங்க முடியவில்லை. கண்ணம்மாளின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு, காவல்காரர் தடுக்கத் தடுக்க, நேரே சிஸ்டரின் மேசைக்குப் போனாள்.

"நான்தாங்க குடுத்தேன். கோட்டையில இருந்து தாளிச்சா வாங்கிட்டு வந்து நான்தான் நாக்குல வெச்சேன். கறி உள்ள போயிருச்சு. இவங்க தொடவே இல்லீங்க."

"காலையில கேட்டேனே" என்றார் சிஸ்டர்.

"கேட்டீங்க. பயந்துட்டேன். அவரை வெளிய அனுப்பிராதீங்க. என்னைய அனுப்பிருங்க."

சிஸ்டர் அவளை நிமிர்ந்து பார்த்தார். பிறகு காலையில் வாங்கிய பாஸைக் கண்ணம்மாளிடம் நீட்டிவிட்டு, மைமூனின் பாஸுக்காகக் கையை நீட்டினார். கண்ணம்மாள் மணிக்கட்டை விடுவித்துக்கொண்டு உள்ளே நடந்தாள். முனியப்பன் கட்டிலருகே மூத்திரப் பாத்திரம் உரசும் சத்தம் கேட்டது.

அன்று மைமூன் கேட்டுக்கு வெளியே, அதே இடத்தில் உட்கார்ந்தாள். நிழல் திரும்பி வந்தபோதும் நகரவில்லை. பொழுது சாயும் நேரத்தில் கண்ணம்மாள் மூடிய கிண்ணத்தோடு வந்து நின்றாள்.

"வவுறு எறங்கியிருக்குதுங்க. குழாயில பச்சையா நெறைய வந்துச்சு. டாக்டரு, தையலு பிரியலேன்னு சொன்னாரு. பொறண்டு படுக்கறதுக்கு நான்தான் புடிச்சேன்."

மைமூன் அழுதாள். "கண்ணம்மா, உங்கள வெயில்ல ஒக்கார வெச்சுட்டனே."

"ஆமாங்க, ஒக்கார வெச்சுட்டீங்க." கண்ணம்மாள் குரலை உயர்த்தவில்லை. "இல்லேன்னு சொல்ல மாட்டனுங்க. எனக்கு நொம்பக் கோவமாத்தான் இருக்குது. ராத்திரிக்கும் இருக்கும், நாளைக்கும் இருக்கும்." கிண்ணத்தைத் தரையில் வைத்தாள். "உங்க ஊட்டுக்காரரு கேட்டாரு, நீங்க சாப்பிட்டீங்களான்னு. எனக்குப் பொய் சொல்ல வராதுங்க. தின்னுங்க."

சாமைச்சோறும் அவரைக்கொட்டைக் குழம்பும் இருந்தன. மைமூன் கையில் எடுத்தாள். வாயில் போட்டு விழுங்கினாள். கண்ணம்மாள் ரோட்டைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்திருந்தாள். கடைசிப் பருக்கை வரை தீர்ந்ததும், கிண்ணத்தை வாங்கிக் கழுவி முந்தானையில் துடைத்துக்கொண்டு, சொல்லிக்கொள்ளாமல் இரண்டு கட்டில்களையும் பார்க்க உள்ளே போனாள்.