கல்லில் ஏறாத மச்சம்

இந்தக் குறிப்பில் நான் சரிபார்த்தவற்றை மட்டுமே எழுதுகிறேன். அடக்கம் கருதி எடுத்த முடிவன்று இது. தொழிலால் வந்த பழக்கம். புகைப்படத்தை வெக்டர் ஓவியமாக மாற்றுவதே கொல்கத்தாவில் நான் செய்த வேலை. புகைப்படத்தில் கறுப்புக்கும் வெள்ளைக்கும் இடையே எத்தனையோ சாம்பல் நிறங்கள் உண்டு. தெளிவாகத் தெரியாத எதுவும் அந்தச் சாம்பலுக்குள் தெளிவில்லாமலே தங்கிவிடலாம். வெக்டரில் அந்தச் சலுகை கிடையாது. கோட்டுக்கு உள்ளே ஒரு நிறம், வெளியே வேறு நிறம். 'இருக்கலாம்' என்பதை வரைய அந்த மென்பொருளில் கருவி எதுவும் இல்லை. பல ஆண்டுகள் அப்படி வேலை செய்தவளுக்கு எழுதும்போதும் அதே கை வந்துவிடுகிறது.

ஆகவே, நிகழ்ச்சி நடந்த ஆண்டை எழுதவில்லை. தொண்ணூறுகள் முடியும் தறுவாய் என்பது மட்டும் உறுதி. பெயர்களை மாற்றியிருக்கிறேன். வங்காளத்தில் நடந்த உரையாடல்களைத் தமிழில் தருகிறேன். பொருள் அவர்களுடையது, சொற்கள் என்னுடையவை. என் முதலாளி அண்ணாச்சியின் பேச்சை மட்டும், அவர் வங்காளத்தில் பேசியதையும் சேர்த்து, அவருடைய நெல்லைத் தமிழிலேயே விட்டிருக்கிறேன். அதைத் திருத்துவது எவராலும் ஆகாது.

1. பொத்தானை அமுக்கியதால் வந்த முகம்

என் தந்தை துறைமுகத்தில் பணியாற்றியவர். அவருடைய மாற்றலோடு கொல்கத்தாவுக்கு வந்த நாங்கள், அவர் ஓய்வு பெற்ற பிறகும் ஊர் திரும்பவில்லை. காளிகாட் மெட்ரோ நிலையத்துக்கு அருகே ஒரு சந்தில் சங்கரலிங்கம் அண்ணாச்சி டி.டி.பி. நிலையம் வைத்திருந்தார். அங்கே ஆர்ட்டிஸ்டாகச் சேர்ந்தேன். அண்ணாச்சி திருநெல்வேலிக்காரர். கல்யாணக் கார்டு, கடைப் பலகை, துர்கா பூஜை மலர் என்று எது வந்தாலும் இல்லையென்று சொல்லமாட்டார். கிடர்பூரில் கிரானைட் வேலை செய்யும் பட்டறை ஒன்றோடு அவருக்கு அப்போதுதான் தொடர்பு ஏற்பட்டிருந்தது.

கல்லில் உருவம் பதிக்கும் முறையைச் சொல்லிவிடுகிறேன். வெக்டர் ஃபைலைப் பிளாட்டருக்குக் கொடுத்தால், அது கோடு போகும் வழியில் வினைல் தாளை வெட்டும். வெட்டிய வினைலைப் பளபளக்கும் கறுப்புக் கல்லின் மேல் ஒட்டி, வெளுக்க வேண்டிய இடங்களில் மட்டும் உரித்துவிட்டு, காற்றழுத்தத்தால் மணலைப் பீய்ச்சுவார்கள். மணல் பட்ட இடம் வெளுக்கும். வினைல் மூடிய இடம் கறுப்பாகவே நிற்கும். கணினியில் ஒரு தவறு செய்தால் கன்ட்ரோல் இசட் அமுக்கிப் பின்வாங்கலாம். கல்லில் மணல் பட்டது பட்டதுதான்.

அந்தப் பட்டறைக்காக எங்களிடம் வந்த முதல் முகம், கிடர்பூரில் ஒரு பெண்கள் தொடக்கப்பள்ளியின் காலஞ்சென்ற தலைமையாசிரியருடையது. வங்காளப் பெண்கள் பள்ளிகளில் தலைமையாசிரியரை 'பொடோதி' என்பார்கள். மூத்த அக்கா என்று பொருள்; வெறும் 'தீதி' என்றால் அக்கா. பள்ளி வாசலில் அவர் உருவத்தைக் கல்லில் வைக்கப் பழைய மாணவிகள் தீர்மானித்து, திறப்பு நாளையும் குறித்துவிட்டார்கள். அவர்கள் சார்பில் வந்தவர் சந்திரா. வங்கி அதிகாரி, அளந்து பேசுபவர்.

அவர் கொண்டுவந்த படம் நேரடிப் புகைப்படமன்று. சட்டமிட்டுப் பள்ளிச் சுவரில் தொங்கிய மூலப்படம் ஒரு மழைக்காலத்தில் நீர் புகுந்து அழிந்துவிட்டது. அதற்கு முன்பே யாரோ அதைச் சட்டத்தோடு சேர்த்துப் படமெடுத்திருந்தார்கள். அந்த நகலைத்தான் பெரிதாக்கிப் பிரார்த்தனைக் கூடத்தில் மாட்டியிருந்தார்கள். வேறு படம் இல்லை.

படத்தை மேசைமேல் வைத்த சந்திரா, இடக் கன்னத்தில் இருந்த ஒரு கரும்புள்ளியை விரலால் தொட்டுக் காட்டினார்.

"இந்த மச்சம் கட்டாயம் வரணும். நான் ஒண்ணாம் வகுப்புல இருந்த வருஷம்தான் அவங்க ரிட்டயர் ஆனாங்க, அடுத்த வருஷமே போயிட்டாங்க. ஒருநாள் என் ரிப்பன் அவிழ்ந்துபோச்சு. பொடோதி குனிஞ்சு கட்டிவிட்டாங்க. அப்போ இந்த மச்சம் என் கண்ணுக்கு நேரா இருந்தது. அவங்களைப் பத்தி என்கிட்ட இருக்கிற ஞாபகம் அது ஒண்ணுதான்."

"மச்சம் எங்கயும் போவாது தீதி," என்று அண்ணாச்சி வாக்குக் கொடுத்தார். படத்தை ஸ்கேன் செய்தார், படத்தைத் தானே கோடுகளாக்கும் ஆட்டோ ட்ரேஸ் பொத்தானை அமுக்கினார், பிரிண்ட் எடுத்தார்.

மறுமுறை வந்த சந்திரா அந்தப் பிரிண்டைப் பார்த்து எழுந்தே நின்றுவிட்டார். நெற்றியெங்கும் கறுப்புப் புள்ளிகள். கண்ணின் ஓரம் கிழிந்த துணிபோல் இருந்தது.

"இது யாரு? அம்மை போட்டவங்க மாதிரி இருக்கு. எங்க பொடோதி இது இல்லை."

"பழைய போட்டோ, தீதி. பூஞ்சை புடிச்சிருக்கு. மிஷினு அதையும் சேத்து வரைஞ்சிட்டு," என்றார் அண்ணாச்சி.

"அப்போ மிஷின் கிட்ட வேண்டாம். மனுஷங்க யாராவது வரையட்டும். அடுத்த தடவையும் இப்படியே இருந்தா வேற இடம் பார்த்துக்கிறோம்."

அந்த மனுஷி நான்தான் என்பதை அண்ணாச்சி தலையசைப்பால் தெரிவித்தார்.

2. மூக்கும் வாயோரமும்

ஆட்டோ ட்ரேஸ் தந்த கோடுகள் அனைத்தையும் அழித்தேன். ஸ்கேன் செய்த படத்தை அடியில் மங்கலாக வைத்துப் பூட்டிவிட்டு, வளைகோடு வரையும் பெஜியர் டூலைக் கொண்டு கையாலேயே வரையத் தொடங்கினேன்.

இளையவர்களுக்கு ஒன்று சொல்வேன். ஒரு வளைவைத் தாங்கி நிற்கும் புள்ளிக்கு நோடு என்று பெயர். பழகாதவர் புருவம் ஒன்றுக்கே நோடுகளை மிளகுபோலத் தூவுவார், புருவம் நடுங்கும். வளைவு திரும்பும் இடம் எதுவென்று கண்டு அங்கே மட்டும் நோடு வைத்தால், கோடு தானாகவே மூச்சு விடும். முகத்தை அறிந்த அளவுக்கே நோடு குறையும். என் புருவங்களில் நடுக்கம் இருந்ததில்லை. இதைச் சொல்ல எனக்குக் கூச்சமும் இல்லை.

பொடோதியின் சாயல் எங்கே இருக்கிறது என்று தேடினேன். கண்ணில் இல்லை, கண்கள் எல்லாப் பழைய படங்களிலும் இருப்பவைபோல் நேராகப் பார்த்தன. வாயின் இடக்கோடியில் இருந்தது. அந்த ஓரம் மட்டும் சற்றே உள்ளே அழுந்தியிருந்தது. கேள்வியைக் கேட்டுவிட்டு விடைக்காகக் காத்திருக்கும் வாய் அது. அந்த ஓரத்தை வரைந்து, அழித்து, மீண்டும் வரைந்து, படத்தைத் தலைகீழாக வைத்தும் சரிபார்த்தேன்.

அண்ணாச்சிக்குப் பொறுக்கவில்லை.

"ஏம்மா, வந்ததுலேர்ந்து அந்தம்மா மூக்கையே பாத்துக்கிட்டு இருக்கியே, ஒனக்குக் கோட்டி புடிச்சிட்டா? பட்டறைக்காரன் கல்லைத் தொடச்சு வச்சிக்கிட்டு உக்காந்திருக்கான்."

"மூக்கு முடிஞ்சது அண்ணாச்சி. இப்போ வாய்."

"வாயி வேறயா! அதுக்கப்புறம் பல்லு ஒண்ணொண்ணா எண்ணுவியோ?"

"வாயை மூடிட்டுத்தான் இருக்காங்க."

"அந்தம்மாவாவது மூடிட்டு இருக்காவளே," என்று சொல்லிவிட்டு அண்ணாச்சி தேநீருக்குப் போனார்.

வாய் முடிந்தது. நெற்றிப் புள்ளிகளைப் பூஞ்சையென்று கொண்டு வரையாமல் விட்டேன். எஞ்சியது கன்னத்துப் புள்ளி. மச்சமென்று வாடிக்கையாளர் சொல்லியாயிற்று. ஒரு சிறு வட்டம் போட்டால் வேலை முடிந்தது. ஆனால் கை தயங்கியது. நெற்றியிலிருந்த புள்ளிகளுக்கும் கன்னத்துப் புள்ளிக்கும் விளிம்பு ஒன்றுபோலவே இருந்தது. அவை பூஞ்சையென்றால் இது எப்படி மச்சம்? இது மச்சமென்றால் நெற்றியில் இருந்தவை என்ன?

3. வெள்ளிக்கிழமைச் சந்தனம்

விடை எங்கள் சுவரிலேயே இருந்தது. அண்ணாச்சியின் தந்தையார் படம் என் மேசைக்கு எதிரே தொங்கும். வெள்ளிதோறும் அண்ணாச்சி அதன் கண்ணாடியைத் துடைத்து, நெற்றிக்கு நேரே சந்தனப் பொட்டு வைத்துவிட்டுத்தான் ஷட்டரை முழுவதும் தூக்குவார். அந்த வெள்ளியன்று அவர் பொட்டு வைத்துவிட்டு விலகியதும், சன்னல் வழியே வந்த வெயில் சாய்வாகப் படத்தின் மேல் விழுந்தது. பெரியவரின் நெற்றியில் இரண்டு பொட்டுகள் தெரிந்தன. ஒன்று கண்ணாடிமேல் இருந்த சந்தனம். மற்றொன்று, கண்ணாடியைத் தாண்டி, உள்ளே முகத்தின் மேல் விழுந்த அதன் நிழல்.

நான் உடனே என் திரைக்குத் திரும்பி, பொடோதியின் நெற்றியைப் பெரிதாக்கினேன். ஒவ்வொரு கரும்புள்ளிக்கும் மேலே இடப்புறத்தில், வெளிறிய நெற்றியோடு கலந்து, கண்ணுக்குத் தப்பிப்போன ஒரு வெண்புள்ளி இருந்தது. இடைவெளியும் சாய்வும் எல்லா இணைகளிலும் ஒன்றே. வெண்புள்ளிகள் புருவத்துக்கு மேல் வில்லாக வளைந்து சென்றன. வங்காள வீடுகளில் மறைந்தவர் படத்துக்குச் சந்தனம் வைப்பது அப்படித்தான். நாம் ஒரு பொட்டு வைப்போம், அவர்கள் நெற்றி நெடுக வரிசையாக வைப்பார்கள். தமிழ்க் கண்ணோடு ஒற்றைப் பொட்டைத் தேடியதால் அண்ணாச்சிக்கும் எனக்கும் அது பூஞ்சையாகத் தெரிந்திருக்கிறது. நகலெடுத்தவர் கண்ணாடிமேல் இருந்த சந்தனத்தைத் துடைக்காமல், விளக்கை ஒரு பக்கமாக வைத்துப் படமெடுத்திருக்கிறார்; கரும்புள்ளிகள் அதன் நிழல்.

பிறகு கன்னத்தைப் பெரிதாக்கினேன். கரும்புள்ளிக்கு மேலே இடப்புறத்தில், அதே தொலைவில், அதே சாய்வில், ஒரு வெளிறிய தடம். நெற்றிக்கு வைத்த சந்தனத்தில் ஒரு துளி கன்னத்தில் தெறித்திருக்கிறது.

அண்ணாச்சியை அழைத்துக் காட்டினேன். மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு நெடுநேரம் பார்த்தார்.

"சரிதாம்மா, நெழலுதான். இருந்துட்டுப் போவுது. கஸ்டமரு மச்சம் கேட்டா மச்சம், மீசை கேட்டா மீசை. நமக்கென்ன?"

"கல்லுல கன்ட்ரோல் இசட் கிடையாது அண்ணாச்சி."

"அந்தம்மா கோவிச்சிக்கிட்டுப் போயிட்டா பட்டறையும் கூடவே போயிரும். அதுக்கும் கன்ட்ரோல் இசட் கெடையாது."

அவர் சொன்னதும் உண்மை. ஆயினும் முடிவைச் சந்திராவிடம் விடலாம் என்று கேட்டுக்கொண்டேன். முனகிக்கொண்டே சம்மதித்தார்.

4. சந்திராவின் முடிவு

சந்திரா வந்ததும் நெற்றியை முதலில் காட்டினேன். "சந்தனம்!" என்று அவரே சொன்னார். பிறகு கன்னத்தைக் காட்டினேன். அவர் திரையை விட்டுப் பார்வையை எடுக்காமலே கேட்டார்.

"அப்போ நான் பொய் சொல்றேன்னு சொல்றீங்களா?"

"இல்லை தீதி. படத்துல இருக்கிறது நிழல். அதை மட்டும்தான் என்னால சொல்ல முடியும். அந்த இடத்துல நிஜமாவே மச்சம் இருந்துதா இல்லையான்னு இந்தப் படம் சொல்லாது."

"ரிப்பன் கட்டினப்போ நான் பார்த்தேன்."

"அதை நான் மறுக்கலை. ஆனா ஒண்ணு. கன்னம் முழுக்க மணல் படும். மச்சத்தைச் சின்னதா வெச்சா அந்தத் துண்டு வினைலை மணல் பிச்சுக்கிட்டுப் போயிடும். கல்லுல நிக்கணும்னா, படத்துல இருக்கிறதைவிடப் பெருசா வரையணும். வாசல்ல நுழையற பிள்ளைங்க முதல்ல பார்க்கப்போறது அதைத்தான்."

சந்திரா கைப்பையை எடுத்துக்கொண்டார். "மத்தவங்களைக் கேட்டுட்டு வரேன்," என்று சொல்லிப் போய்விட்டார். அண்ணாச்சி என்னைப் பார்த்த பார்வையை இங்கே எழுத வேண்டியதில்லை.

சில நாட்கள் கழித்துத் திரும்பி வந்தார். உட்காராமலே பேசினார்.

"மச்சம் உண்டுன்னு சத்தியம் பண்றவங்க எல்லாம் என் வயசு, இல்லேன்னா என்னைவிடச் சின்னவங்க. எல்லாரும் அந்த நகல் படத்துக்குக் கீழே நின்னு பிரேயர் பாடினவங்க. எனக்கு மூத்தவங்க, அவங்ககிட்டயே வருஷக்கணக்கா படிச்சவங்க, யாருக்கும் மச்சம் ஞாபகமில்லை. இல்லைன்னும் அடிச்சுச் சொல்ல மாட்டேங்கிறாங்க."

"நீங்க என்ன நினைக்கிறீங்க, தீதி?"

"நான் பார்த்தேன்னுதான் இப்பவும் தோணுது. ஆனா மூத்தவங்க எல்லாரும் ஒரு விஷயம் சொன்னாங்க. 'தெரியாது பொடோதி'ன்னு சொன்னா அவங்க ஒண்ணும் செய்யமாட்டாங்களாம். தெரியாததைத் தெரிஞ்ச மாதிரி சொன்னா பெஞ்சு மேல ஏத்தி நிறுத்திடுவாங்களாம்." அவர் சிரிக்க முயன்றார், கண் கலங்கியிருந்தது. "மச்சம் வேண்டாம். இந்த வயசுல என்னால பெஞ்சு மேல ஏற முடியாது."

நான் கன்னத்தில் எதுவும் வரையாமல் ஃபைலை மூடினேன். அன்றே பிளாட்டர் ஓடியது.

5. திறப்பு நாள்

திறப்பு நாளன்று அண்ணாச்சியும் நானும் கிடர்பூருக்குப் போனோம். லாரிகளும் கைவண்டிகளும் முட்டி மோதும் சாலையிலிருந்து உள்ளே திரும்பும் சந்தில் இருந்தது பள்ளி. வாசல் சுவரில் துணி மூடியிருந்தது. பழைய மாணவிகள் கூடியிருந்தார்கள். முன்வரிசையில் தலை முழுதும் நரைத்த ஓர் அம்மாள், வாய் நிறையப் பான் மென்றபடி, பக்கத்தில் இருந்தவரோடு உரக்கப் பேசிக்கொண்டிருந்தார்.

துணி விலகியது. கறுப்புக் கல்லிலிருந்து பொடோதி பார்த்தார்.

அந்த அம்மாளின் பேச்சு பாதியில் நின்றது. முந்தானையால் வாயை மூடிக்கொண்டு, கூட்டத்தை விலக்கிச் சாக்கடைப் பக்கம் விரைந்தார். சந்திரா பதறிப் பின்னால் போனார்.

"என்ன மாஷி, உடம்புக்கு என்ன?"

பானைத் துப்பிவிட்டு, வாயைத் துடைத்தபடி அவர் திரும்பினார்.

"உடம்புக்கு ஒண்ணுமில்லை. பொடோதி எதிர்ல பானோட நிக்கச் சொல்றியா? அந்த வாயோரத்தைப் பாரு. இப்போ ஏதோ கேட்கப்போறாங்க!"

கூட்டம் முழுவதும் சிரித்தது. சிரித்தவர்களில் பலர் தாமறியாமலே நிமிர்ந்து நின்றதை நான் கண்டேன்.

அண்ணாச்சி என் பக்கம் சாய்ந்து சொன்னார்: "ஏம்மா, கல்லைப் பாத்தே துப்பிட்டாவளே. இதுக்கு மேல ஒரு சர்டிபிகேட்டு உண்டா?"

உண்டென்று நான் நினைக்கவில்லை. பின்னர் அந்தப் பட்டறைக்காக எத்தனையோ முகங்களை வரைந்தேன். ராஜர்ஹாட்டில் நியூ டவுன் எழுந்தபோது அங்கும் என் கோடுகள் கல்லில் ஏறின. இந்த முகமே எனக்கு அளவுகோலாக நின்றது. அதிலிருந்து நான் கற்றதைச் சுருக்கமாகச் சொல்லலாம்: தெரிந்த இடத்தில் துணிந்து கோடு போடுங்கள், தெரியாத இடத்தில் கையை எடுத்துவிடுங்கள். வாயோரத்தைத் தெரிந்துகொண்டவருக்கு மச்சத்தின் துணை வேண்டியதில்லை.

இனி, எனக்குத் தெரியாதவை. மூலப்படத்துக்குச் சந்தனம் வைத்தவர் யார் என்று தெரியாது. பொடோதியின் கன்னத்தில் மச்சம் இருந்ததா என்று தெரியாது. ரிப்பன் கட்டக் குனிந்த அந்த முகத்தில் ஒரு சிறுமி எதைக் கண்டாள் என்பதும் தெரியாது.