சாயங்காலம் திருப்பிக் கொடுத்த கையுறை

ஃபெஸ் நகரத்தில் தோல் பதனிடும் தொட்டிகளைப் பார்க்க மாடியேறினால், வாசலிலேயே ஒரு கொத்துப் புதினாவைக் கையில் திணிக்கிறார்கள். நாற்றம் தாங்காதாம், மூக்கில் வைத்துக்கொள்ள வேண்டுமாம். காஸாபிளாங்காவின் ஷூ கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்த புதிதில் எனக்கும் கொடுத்தார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது, கீழே போட்டேன். அப்பா ஆம்பூரில் தோல் ஷாப் என்கிற தோல் பதனிடும் ஆலையில் தொழிலாளி. வேலூர்க் கல்லூரியில் என் சட்டை வாடைக்காகவே பக்கத்தில் உட்கார மறுத்தார்கள். இங்கே சுற்றுலா வந்தவர்கள் அதே வாடையைப் படம் பிடித்துக்கொண்டு போகிறார்கள்.

"ஏன் போட்டீர்கள்?" என்று பக்கத்திலிருந்த பெண்மணி கேட்டார். "இது எங்கள் வீட்டு வாசம்" என்றேன். நான் வேடிக்கை செய்வதாக நினைத்துச் சிரித்துவிட்டார். அவர்தான் நாதியா, சினிமா எடுப்பவர். வீட்டு வேலைக்கு அனுப்பப்படும் சிறுமிகளைப் பற்றி முதல் படம். பாரிஸில் கைதட்டினார்கள். சொந்தத் தெருவில் அவரோடு பேச்சை நிறுத்திவிட்டார்கள். தையல் கூடத்துப் பெண்களைப் பற்றி இரண்டாவது. நாட்டின் மானத்தை விற்கிறாள் என்று ஏசி, ஒரு வாரத்தில் தியேட்டரிலிருந்து தூக்கினார்கள். மூன்றாவது படம் தோலைப் பற்றி. அதற்காகத்தான் அவரை ஆம்பூருக்கு அழைத்துப்போனேன்.

என் அக்கா தேவகி வேலை செய்யும் கம்பெனியில், தொழிலாளிகளைப் பற்றிய படம் என்று தெளிவாகத்தான் சொன்னோம். மேனேஜர் காதில் எங்கே விழுந்தது? வெளிநாட்டுப் பெண், கையில் கேமரா, அப்படியானால் ஷூ வாங்க வந்த பையர்தான். பையர் வரும் நாளில் நடப்பதெல்லாம் நடந்தது. எல்லோருக்கும் புதுக் கையுறை, புது முகமூடி. பசை ஒட்டும் என் அக்காகூட "நோ ப்ராப்ளம் மேடம், சேஃப்டி குட்" என்று ஒப்பித்தாள். சாயங்காலம் வழக்கம்போல எல்லாவற்றையும் திரும்ப வாங்கிக்கொள்ள அட்டைப்பெட்டி வந்தது. ஒவ்வொருத்தியாகக் கையுறையைக் கழற்றிப் போட்டாள். நாதியா கேமராவை நிறுத்தவே இல்லை.

இணையத்தில் வெளியிட்ட படத்தின் முன்னோட்டத்தில் அந்தக் காட்சி வந்தது. அடுத்த வாரம் அக்கா போன் செய்தாள். "கம்பெனி பஸ் நிக்கலடா. டிரைவர் என்னப் பாத்துக்கினே போய்ட்டான். கேட்ல கேட்டா, இனிமே வராதன்றாங்க."

எனக்கு எல்லார் மேலும் ஆத்திரம். நாதியா வீட்டுக்குப் போய்க் கத்தினேன். "உங்களுக்குக் கைதட்டல், என் அக்காவுக்குப் பட்டினியா? வெட்டுங்கள் அதை!" அவர் முகம் வெளுத்துவிட்டது. "உங்கள் அக்கா சொன்னால் இப்போதே வெட்டுகிறேன்" என்றார். அங்கிருந்தே அக்காவை அழைத்தேன்.

"வெட்டச் சொன்னியா? யாரக் கேட்டுடா சொன்ன?" என்று பாய்ந்தாள். "வேல போனது போய்ட்ச்சு. இப்ப அதையும் வெட்டினா, நான் இன்னாத்துக்கு ஊட்ல குந்திகினு இருக்கேன்?"

வெட்டவில்லை. போன வாரம் காஸாபிளாங்காவில் திரையிட்டார்கள். அக்காவின் பசை தின்ற விரல்கள் திரை முழுக்க நின்றன. அவள் தமிழில் சொன்னதற்குக் கீழே அரபியும் பிரெஞ்சும் ஓடின. அடுத்து ஆம்பூர் தோல் ஷாப் வந்ததும், என் பக்கத்துச் சீட்டுப் பெண் தன்னையறியாமல் தலைத்துணியால் மூக்கைப் பொத்திக்கொண்டாள். எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. நான் மூச்சை நன்றாக உள்ளே இழுத்தேன். பாப்கார்ன் வாசம்தான் வந்தது.