பாட்டுக்குச் சொந்தக்காரர் உண்டு

அடுத்தவர் வீட்டு விருந்தை நூறு முறை பார்த்தும் நமக்கென்று ஓர் இலை விழாத வேலைக்கு வீடியோ எடிட்டிங் என்று பெயர். திருவண்ணாமலையில் கரீம் பாய் ஸ்டுடியோவில், எம்.ஏ. வகுப்பு போக மீதி நேரத்தில் அதைத்தான் செய்கிறேன். என்னைப் போல மாட்டிக்கொண்டவர்களே, கேளுங்கள்.

பேனர்

பக்கத்துக் கிராமமான அடி அண்ணாமலையிலிருந்து ஏழுமலை அண்ணன் வந்தார். எட்டாவது படிக்கும் மகள் காவ்யாவுக்கு மஞ்சள் நீராட்டு விழா. வீடியோவை நெட்டில் ஊரே பார்க்கிற மாதிரி ஏற்ற வேண்டுமாம்.

நான் சும்மா விடுவேனா? “சொந்தக்காரங்களுக்கு மட்டும் லிங்க் அனுப்பலாமேண்ணா. அவளைக் கேட்டீங்களா?” என்று பிடித்துக்கொண்டேன். அவர் கோபப்படவில்லை. எனக்காகப் பரிதாபப்பட்டார். அந்தத் தெளிவைப் பார்த்து அசந்துபோனேன்.

“முக்குக்கு முக்கு அவ போட்டோ போட்டு பேனர் கட்டிக்கீறேன். இதுல இன்னாம்மா ரகசியம்?”

விதிமீறல் இல்லை

வீடியோவை ஏற்றிய கொஞ்ச நாளில் காவ்யாவே வந்தாள், யூனிஃபார்மில், முகம் வீங்கி. தாய்மாமன் மாலை போட்டபோது அவள் முகம் கோணிய ஒரு நொடியை மட்டும் எவனோ வெட்டி, பாட்டுச் சேர்த்து, கேலிப் பக்கத்தில் போட்டிருந்தான். வகுப்பே பார்த்துவிட்டது. அது போகிறவரை பள்ளிக்கூடம் போகமாட்டேன் என்றாள்.

பாய் எங்கள் வீடியோவை உடனே அழித்தார். அந்தத் துண்டு மட்டும் அசையவில்லை. சின்னப் பெண், அனுமதியில்லை என்று விளக்கி, அதை வைத்திருக்கும் வலைத்தளக் கம்பெனிக்கு நான் புகார் அனுப்பினேன். அவள் அப்பாவையும் அனுப்ப வைத்தேன். “விதிமீறல் எதுவும் இல்லை” என்று இருவருக்கும் ஒரே பதில். போடுகிறவன்தான் பொறுப்பாம், அவர்கள் வெறும் சுவராம். விளம்பரக் காசு எண்ணுகிற சுவரை நான் இப்போதுதான் பார்க்கிறேன். பாய் கண்ணாடியைக் கழற்றினார்.

“ஒரு போட்டோ மாத்திக் குடுத்துட்டா என் கடைக்கு வந்து சண்டை போடுறாங்க. இவங்க கடை எங்கம்மா இருக்குது?”

அவள் எழுதிய மெயில்

நான் கத்திக்கொண்டிருக்க, காவ்யா அந்தத் துண்டையே திரும்பத் திரும்பக் கேட்டாள். “பின்னாடி ஓடுறது யார் பாட்டுக்கா?”

சினிமாப் பாட்டு, ஒரு கம்பெனிக்குச் சொந்தம் என்றேன். என் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்து அந்தக் கம்பெனிக்கே மெயில் அடித்தாள்: உங்கள் பாட்டை ஒருவர் அனுமதியில்லாமல் போட்டிருக்கிறார், லிங்க் இதோ. தன்னைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

மறுநாள் வீடியோ போயே போய்விட்டது. புத்தகப்பையை மாட்டியபடி காவ்யா வாசலில் நின்று சொன்னாள்:

“என்னை எடுத்தா தப்பில்லையாம்க்கா. பாட்டை எடுத்தாதான் தப்பாம்.”

ஆகவே, சக எடிட்டர்களே, நம் குழந்தைகளுக்கு இப்போதைக்கு இருக்கும் ஒரே பாதுகாப்பு, கேலி செய்கிறவன் நல்ல விலையுயர்ந்த பாட்டாகப் பார்த்துச் சேர்ப்பதுதான்.