அரைப்பேருக்கு அரைப் பதில்

எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டேன். பிறகு பண்டாரவளையில் காய்கறி லொறி, கொழும்பில் புடைவைக் கடை, அப்புத்தளையில் சுற்றுலாக்காரர் தங்கும் விடுதியின் சமையலறை என்று சுற்றினேன். எங்கேயும் நிலைக்கவில்லை. மிஞ்சியது கொஞ்சம் சிங்களமும் கொஞ்சம் இங்கிலீசும்தான். அந்த இங்கிலீசை நம்பி ஒரு வெளிநாட்டு உதவி நிறுவனம் சில நாட்களுக்கு என்னை மொழிபெயர்ப்பாளராக எடுத்துக்கொண்டது. முட்டையை எப்படிப் பொரிக்க வேண்டும் என்று கேட்டுப் பழகிய வாயால் வாழ்வுரிமை பற்றிக் கேட்க வேண்டும். சம்பளம் முட்டைக்குக் கிடைத்ததைவிட அதிகம்.

பெரகல சந்தியில் வேனில் ஏறினேன். உள்ளே ஐரோப்பாவிலிருந்து வந்த ஆய்வாளர் அம்மா இருந்தார். கொஸ்லந்தைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்துக்குப் போனோம். மீரியபெத்தயில் மலை சரிந்து, தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடுகளான லயங்களை மூடிய பிறகு, சுற்றுவட்டாரத்தில் நிலம் வெடித்த இடங்களுக்கெல்லாம் ஆட்கள் வந்து கேட்டு எழுதிக்கொண்டு போகிறார்கள். இந்தத் தோட்டத்திலும் ஒரு லயத்துக்குப் பின்னால் வெடிப்பு விழுந்திருந்தது. அது எங்கே தொடங்குகிறது, எங்கே முடிகிறது என்று அங்கே குடியிருப்பவர்கள் வாயாலேயே கேட்டு எழுதினால்தான் வேறு இடத்தில் வீடு கேட்க முடியுமாம். அதற்குப் ‘பங்கேற்பு’ என்று பெயர்.

கூட்டம் பிள்ளைக்காம்பராவில் நடந்தது. கொழுந்து பறிக்கப் போகும் தாய்மார் பிள்ளைகளை விட்டுச் செல்லும் கட்டடம் அது. வேலையை மேற்பார்க்கும் கங்காணி பெண்களை மலையிலிருந்து இறக்கிக் கொண்டுவந்திருந்தார். குழந்தைகளின் நாற்காலிகளில், முழங்கால் தாடையில் முட்ட, எல்லாரும் உட்கார்ந்தார்கள். ஆய்வாளர் அம்மாவும் அப்படித்தான் உட்கார்ந்தார்.

முதலில் ஒரு காகிதத்தை வாசிக்க வேண்டும். ‘தங்களது பெயர் எவ்விடத்திலும் பதிவு செய்யப்படமாட்டாது’ என்று அதில் இருந்தது. அவர்களுக்குப் புரியட்டும் என்று எளிமையாகச் சொன்னேன்.

“யாரும் பயப்படாதீங்க. ஒங்க யாருக்கும் பேரு போட மாட்டாங்க.”

எல்லாரும் எழுந்தார்கள். கொழுந்துச் சாக்கை முதுகில் மாட்டத் தொடங்கினார்கள்.

“பேரு இல்லன்னா எதுக்கு எங்கள மலையிலருந்து எறக்குனீங்க?” என்று ஒருவர் கத்தினார். “மணிய பாருங்க. இனி எப்ப கிலோ நெரப்புறது?”

தோட்டத்தில் பேர் என்றால் ஒரு நாள் வேலை. சொன்ன அளவு கொழுந்து நிறுத்தால் முழுப்பேர் விழும். குறைந்தால் அரைப்பேர், அதாவது பாதிச் சம்பளம். பேர் போட மாட்டோம் என்றால் இன்றைக்குச் சம்பளம் இல்லை என்று அர்த்தம். லயத்தில் பிறந்த எனக்கு இது தெரியும். காகிதத்தை எழுதியவருக்குத் தெரிந்திருக்க வழியில்லை.

ஆய்வாளர் அம்மா கவலையோடு பார்த்தார். தங்கள் பெயர் வெளியே வர வேண்டும் என்று விரும்புகிறார்களா என்று கேட்டார். ஆமாம், மாதக் கடைசியில் வர வேண்டும் என்று விரும்புகிறார்கள் என்றேன். விளக்கிச் சொன்னதும் அவர் முகம் வாடியது. பதில் சொல்பவர்களுக்குப் பணம் கொடுக்க அவர்கள் நிறுவனத்தில் அனுமதி இல்லை. பணம் வாங்கினால் பதில் கெட்டுவிடுமாம். கேட்பவருக்கும், வேன் ஓட்டுபவருக்கும், மொழிபெயர்ப்பவருக்கும் பணம் உண்டு. கேள்வி கெடுவதில்லை.

கங்காணி ஆபீசுக்குப் போன் பேசிவிட்டு வந்தார். “கொழுந்து நிறுக்காம முழுப்பேரு போட ஏலாதாம். அரைப்பேரு போடலாமாம். ஒக்காருங்க.”

அந்த லயத்தின் கடைசிக் காம்பராவில் இருக்கும் அக்கா மட்டும் உட்காரவில்லை. அவர் கணவர் மரத்திலிருந்து விழுந்து இடுப்பு போய்ப் படுத்திருந்தார். வீட்டில் விழுவது அக்காவின் பேர் ஒன்றுதான்.

“அரைப்பேருக்கு அரைப் பதில்தான் தம்பி,” என்றார். “வெடிப்பு எங்க தொடங்குதுன்னு சொல்றேன். எங்க முடியுதுன்னு மிச்சப் பேரு விழுந்ததும் சொல்றேன்.”

“அவங்க பாதி வீடு குடுத்தா என்னாக்கா செய்வ?” என்றார் பக்கத்தில் இருந்தவர்.

“இப்ப மட்டும் முழுசாவா இருக்கு?”

பிள்ளைக்காம்பரா முழுக்கச் சிரிப்பு. நான் மெதுவாக, வீடு கிடைக்கிற விஷயம் அக்கா என்றேன்.

“வந்தவங்களுக்கெல்லாம் இது வரைக்கும் முழுசாத்தான் சொன்னேன். வீடு வரல. இன்னைக்குப் பேராவது வரட்டும்.”

இதை அப்படியே மொழிபெயர்த்தேன். ஆய்வாளர் அம்மா எதையும் எழுதவில்லை.

அக்கா சொன்ன பாதி இது: வெடிப்பு கோயிலுக்குப் பின்னால் தொடங்குகிறது, வாழைக்குள்ளே வருகிறது, கக்கூஸ் சுவரைத் தொடுகிறது. பிறகு வாயை மூடிக்கொண்டார். அதற்கு அப்பால் அக்காவின் காம்பரா, அவரைத்தான் கேட்க வேண்டும் என்றார்கள் மற்றவர்கள்.

“அப்புறம்?” என்றேன்.

“அப்புறம் கொழுந்து.” மலைக்குக் கிளம்பிவிட்டார்.

ஆய்வாளர் அம்மா நல்ல மனுஷி. பணம் கொடுக்கத்தான் தடை, கொழுந்து பறித்துக் கொடுக்கத் தடை இல்லை என்று யோசித்துக் கண்டுபிடித்தார். சப்பாத்துக் காலோடு சரிவில் ஏறினார். இரண்டு தடவை வழுக்கினார். அட்டை கடித்தது. பறித்ததையெல்லாம் அக்காவின் சாக்கில் போட்டார். தன் நாட்டில் காலையும் மாலையும் இந்த மலைத் தேயிலையைத்தான் குடிப்பதாகச் சொன்னார். அக்காவிடம் சொன்னேன். “அப்ப நல்லதுதான். குடிக்கச் சொல்லுங்க,” என்றார்.

மாலையில் மடுவக் கொட்டகையில் கொழுந்தைத் தராசில் நிறுத்தார்கள். கங்காணி சாக்குக்குள் கையை விட்டுத் தடித்த முற்றல் இலைகளை அள்ளி எடுத்தார்.

“இதென்னா, ஆட்டுக்கு ஒடிச்சதா?”

அவற்றை எறிந்துவிட்டு நிறுத்தார். குறைந்தது. அரைப்பேர்.

“அவங்கள ஏசாதீங்க,” என்றார் அக்கா. “தேயிலைய பெட்டியிலதானே பாத்திருக்காங்க.” பிறகு என்னிடம், “வாங்க தம்பி, ஒரு வாய் டீ குடிச்சிட்டுப் போங்க. அவங்களையும் கூப்பிடுங்க.”

ஆய்வாளர் அம்மா வேனில் உட்கார்ந்து காலில் உப்புத் தடவிக்கொண்டிருந்தார். நான் மட்டும் போனேன். அக்கா அடுப்புக்குப் பக்கத்தில் பலகை போட்டார். கக்கூஸ் பக்கச் சுவரிலிருந்து வெடிப்பு உள்ளே வந்து, அடுப்புக்கு அடியால் போய், அவர் கணவர் படுத்திருந்த கட்டிலின் காலடியில் நின்றது. மண்ணைக் குழைத்துப் பூசியிருந்தார். பூசிய இடமும் பிளந்திருந்தது. கட்டிலை இனி நகர்த்த வாசற்படிப் பக்கம்தான் மிச்சம். டீக் கோப்பையை அந்தப் பிளவின் மேலேயே வைத்தார்.

வேனுக்குத் திரும்பி, வெடிப்பு எங்கே முடிகிறது என்று பார்த்ததைச் சொன்னேன். ஆய்வாளர் அம்மா பேனாவை எடுத்தார், பிறகு வைத்துவிட்டார். அது என்னுடைய பதில், நான் பங்கேற்பாளர் இல்லை என்றார். நேரில் போய்ப் பார்க்கலாமே என்றேன். பார்ப்பது பொறியியலாளர்களின் வேலை, தன்னுடையது கேட்பது என்றார். வருத்தமாகத்தான் சொன்னார். மறுநாள் அவருக்கு வேறு தோட்டம்.

பல மாதங்களுக்குப் பிறகு அந்த அறிக்கையின் தமிழ்ப் பிரதி ஒன்று எனக்குக் கிடைத்தது. அப்போது நான் மறுபடியும் காய்கறி லொறியில் இருந்தேன். கொஸ்லந்தைப் பக்கம் போன நாளில் இறங்கி, அக்காவுக்கு வாசித்துக் காட்டினேன். கோயில் இருந்தது, வாழை இருந்தது, கக்கூஸ் சுவர் இருந்தது. சொன்னவர் ‘பங்கேற்பாளர் நான்கு’. பேர் போடவில்லை. அந்த வாக்கை மட்டும் காப்பாற்றியிருந்தார்கள். அதற்குக் கீழே, ‘வெடிப்பு முடிவடையும் இடம் அறியப்படவில்லை; மேலதிக ஆய்வு அவசியம்’ என்று இருந்தது.

“அப்படின்னா?” என்றார்.

“இன்னொருக்கா வந்து கேப்பாங்க அக்கா.”

அவர் அடுப்பை ஊதிவிட்டு நிமிர்ந்தார். கட்டில் இப்போது வெடிப்புக்கு ஒதுங்கி வாசற்படியை ஒட்டிக் கிடந்தது. கணவரின் கால் வெளியே நீட்டிக்கொண்டிருந்தது.

“வரட்டும். இந்த வாட்டி மொதல்லயே பேசிருங்க தம்பி. முழுப்பேரு.”